கடல் தாண்டிப்போய்த் திரும்பிய குடும்பத்தை ஆவணப்படமாக எடுக்க

தென் அமெரிக்காவில் முன்பு டச்சுக்காரர் ஆண்ட சுரினாமில் வேர் தேடும் ஆவணப்படக்காரருக்கு ஒரு வசதி உண்டு. 1873 ஜூன் 5 அன்று லாலா ரூக் கப்பல் பாராமரிபோவில் வந்து நின்றது முதல் 1916 வரை, கல்கத்தா வழியாகப் போன சுமார் 34,000 ஒப்பந்தத் தொழிலாளருக்குப் பதிவேடு இருக்கிறது. பேர், ஊர், கப்பல், தோட்டம் எல்லாம் இணையத்திலேயே தேடலாம். கங்காணி கூட்டிப்போய் இலங்கை மலையகத்தில் விட்ட நம் சனத்துக்கு அப்படி ஒன்று வாய்ப்பது அபூர்வம். மலையகத் தமிழரில் ஒரு பகுதியினரை இந்தியாவுக்கு அனுப்ப முடிவுசெய்த 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு திரும்பி வால்பாறை, கோத்தகிரிப் பக்கம் குடியமர்ந்த குடும்பங்களில், பெரியவர்களின் குரல்தான் பதிவேடு. எனவே முதல் அக்கறை ஒலி.

காலர் மைக்கை மோவாய்க்கு ஒரு சாண் கீழே, தாலிக்கொடியும் பாசியும் உரசாத பக்கமாகக் குத்துங்கள். பேச்சின் உச்சம் மைனஸ் 12 டெசிபல் அளவில் நிற்கட்டும். மின்விசிறியையும் ஃபிரிட்ஜையும் அணைத்துவிட்டு, வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள் வையுங்கள். கிளம்பும்போது மறுபடி போட மறக்காது. தகரக் கூரையில் தூறல் விழுந்தாலே பேட்டி போச்சு, அதனால் வால்பாறைக்குப் பிப்ரவரி, மார்ச்சில் போவது நல்லது. சோமனூர், பல்லடத்தில் இருக்கும் உறவினரை எடுக்கத் தறிச்சத்தம் விடாது. மின்வாரியம் பராமரிப்புக்காகக் கரண்டை நிறுத்தும் நாளை விசாரித்து, அன்று பேட்டரியில் எடுங்கள்.

கேமராவுக்கு விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50. இல்லாவிட்டால் டியூப்லைட் மினுக்கும்.

"உங்க அடையாளம் என்னங்க?" என்று கேட்டால் மேடைப்பேச்சுதான் வரும். "தலைமன்னார்ல கப்பலேறும்போது பொட்டியில என்னங்க ஆத்தா வெச்சிருந்தீங்க?" என்று கேளுங்கள். பதில் முடிந்ததும் ஐந்து விநாடி வாய்மூடி இருங்கள். பெரும்பாலும் அதற்கப்புறம்தான் உள்ளது வரும். லயம் (தொழிலாளர் வரிசை வீடு), பெரட்டு (காலை ஆள்கணக்கு), தொரை (தோட்ட அதிகாரி) என்று சொன்னால் திருத்தவே கூடாது, சப்டைட்டிலிலும் அப்படியே போடுங்கள். போஜ்புரியும் அவதியும் கலந்து, டச்சு மொழியிலிருந்தும் அந்நாட்டுக் கலப்புமொழியான ஸ்ரனனிலிருந்தும் சொற்கள் ஏறி வளர்ந்தது, சுரினாம் இந்தியர் பேசும் சர்நாமி. அதை இந்தி மொழியாகத் திருத்தினால் சுரினாமில் கழிந்த காலமே அழிந்துபோகும். மலையகத் தமிழும் அப்படித்தான்.

கண்ணாடியில் ஒட்டிக்கொண்ட பழைய போட்டோவைப் பிய்க்காதீர்கள், படலம் உரிந்துவிடும். சட்டத்தோடு ஜன்னலோரம் சாய்த்து, கேமராவுக்குப் பின்னால் கறுப்புத் துணி பிடித்தால் பிரதிபலிப்பு போய்விடும். ஃபிளாஷ் வேண்டாம். பின்பக்கத்தையும் எடுங்கள், ஸ்டுடியோ முத்திரை இருக்கலாம். பாஸ்போர்ட், குடும்ப அட்டையைக் காட்டும்போது எண்களை மறையுங்கள்.

சம்மதத்தைத் தொடங்கும்போது ஒருமுறை, எடுத்ததைப் போட்டுக் காட்டிய பிறகு ஒருமுறை கேமரா முன் வாங்குங்கள். வேண்டாம் என்று சொன்ன பகுதியை நீக்கிவிடுவதுதான் முறை.

அன்று இரவே மூன்று பிரதி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். முழுப் பேட்டியையும் எம்பி4 ஆக்கி, அவர்கள் வீட்டு டிவியில் ஓடுகிறதா என்று பார்த்து, பென் டிரைவில் குடும்பத்தாரிடம் கொடுத்துவிட்டு வாருங்கள்.