பாதாள பைரவி: பார்ப்பவர்களும் எழுதுபவர்களும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

1951 மார்ச்சில் தெலுங்கில் வெளிவந்த ‘பாதாள பைரவி’யைப் பற்றி எழுதப் புகுபவர்களில் பலர், முதல் வரியிலேயே அதைப் புராணப் படமாக்கிவிடுகிறார்கள். தலைப்பில் தெய்வத்தின் பெயர் இருப்பது ஒரு காரணம். இயக்குநர் கே.வி.ரெட்டி, எழுத்தாளர் பிங்கலி நாகேந்திர ராவ், ஒளிப்பதிவாளர் மார்கஸ் பார்ட்லி, நடிகர்கள் என்.டி.ராமாராவ், எஸ்.வி.ரங்கா ராவ் ஆகிய அதே கூட்டணி 1957-இல் ‘மாயாபஜார்’ படத்திலும் சேர்ந்து, இரண்டும் நினைவில் கலந்துபோனது மற்றொரு காரணம். மாயாபஜார் மகாபாரத மாந்தர்களின் கதை. பாதாள பைரவியோ வாளும் மந்திரமும் கலந்த சாகசக் கதை. தெலுங்குத் திரையுலகம் ‘ஜானபதம்’ என்று அழைக்கும் வகையைச் சேர்ந்தது.

இந்த வேறுபாட்டைத் தவறவிட்டால் நாயகனையே தவறவிட்டுவிடுவோம். தோட்ட ராமுடு அவதார புருஷனும் அல்லன், மாறுவேடத்தில் திரியும் இளவரசனும் அல்லன். உஜ்ஜயினி அரண்மனைத் தோட்டத்தை நம்பிப் பிழைக்கும் குடும்பத்துப் பிள்ளை. இளவரசி இந்துமதியைக் காதலித்துப் பிடிபட்டவனிடம் அரசன் கேட்பது தனக்கு நிகரான செல்வத்தை. அவனிடம் இருப்பதோ துணிச்சல் மட்டுமே. அந்தத் துணிச்சலைச் செல்வமாக மாற்றித் தருவதாக ஆசை காட்டி ஒருவன் வரும்போதுதான் படம் உண்மையில் தொடங்குகிறது.

அவன்தான் ரங்கா ராவ் நடித்த நேபாள மாந்திரிகன். “சாஹசம் சேயரா டிம்பகா, ராஜகுமாரி லபிஞ்சுனுரா” என்ற அவனது வசனத்தை இன்று தன்னம்பிக்கை வாசகமாக எடுத்தாளுகிறார்கள். துணிந்து செயல்பட்டால் இளவரசி கிடைப்பாள் என்று சொல்பவன், கேட்பவனைப் பலிபீடத்துக்கு அழைத்துச் சென்றுகொண்டிருக்கிறான் என்பதை அப்படி எடுத்தாளும்போது மறந்துவிடக் கூடாது. தைரியசாலியான ஓர் இளைஞனைப் பைரவிக்குப் பலி கொடுத்தால், கேட்டதையெல்லாம் தரும் சிலை கைக்கு வரும் என்பது அவன் கணக்கு. ஆகவே அந்த ஊக்கமொழி முழுக்க முழுக்கத் தூண்டில். அதைப் பாசத்தோடும் அதட்டலோடும் ஒரே மூச்சில் சொல்லும் ரங்கா ராவின் குரலில் இருக்கும் நயவஞ்சகத்தை, வசனத்தைத் தனியே வெட்டி எடுத்துக் கேட்பவர்கள் இழந்துவிடுகிறார்கள்.

எனக்கு மிகவும் வருத்தம் தரும் தவறு, இந்தப் படத்தை மாயக் காட்சிகளின் தொகுப்பாகப் பார்ப்பது. இதன் பெருமை திரைக்கதையின் கட்டுக்கோப்பில் இருக்கிறது. பலி கொடுக்கத் தைரியசாலி தேவை என்பதால், மாந்திரிகன் தன்னைக் கொல்லக்கூடிய ஒருவனையே தேடிப்பிடித்து அழைத்து வருகிறான். குளத்தில் ராமுடு கொல்லும் முதலை சாபம் நீங்கிப் பெண்ணாகி உண்மையைச் சொல்ல, பலியிட வந்தவனே பலியாகிறான்; சிலை ராமுடுவின் கைக்குப் போகிறது. அத்துடன் முடிந்திருக்க வேண்டிய கதையைச் சீடன் சதாஜபன் சஞ்சீவி மூலிகையால் குருவை உயிர்ப்பித்துத் தொடர வைக்கிறான். அரசனின் மைத்துனன் சூரசேனன் இந்துமதியின் மேல் கொண்ட ஆசை, முதல் பாதியில் நகைச்சுவைக்காக மட்டும் வைக்கப்பட்டதுபோலத் தோன்றும். பிற்பாதியில் மாந்திரிகன் அந்த ஆசையைப் பயன்படுத்தித்தான் சிலையைக் களவாட வைக்கிறான். மாந்திரிகனின் ஆற்றல் தாடியில் இருக்கிறது என்பதும் அப்படியே. இளவரசியின் மனத்தைக் கவரலாம் என்ற ஆசையில் அவன் தாடியை மழித்துக்கொள்ள இசைகிறான். சதாஜபன் வேடத்தில் வந்த, ராமுடுவின் கூட்டாளி அஞ்சி செய்யும் தந்திரம் அது. இந்தக் கதையில் ஒவ்வொருவரையும் வீழ்த்துவது அவரவர் ஆசைதான், எனவே எந்த மந்திரமும் கதைக்கு வெளியிலிருந்து வந்து குதிப்பதில்லை. காட்சிகளின் நீளத்தைக்கூட முன்கூட்டியே கணக்கிட்டுக்கொண்டு படப்பிடிப்புக்குச் செல்பவர் என்று பெயர் பெற்ற கே.வி.ரெட்டியின் கை இங்கே தெளிவாகத் தெரிகிறது. இப்படிப்பட்ட படத்தைத் துண்டுக் காட்சிகளாகப் பார்த்துவிட்டுக் கருத்துச் சொல்வது, விதைத்ததைப் பார்க்காமல் அறுவடையை மட்டும் எடைபோடுவதற்கு ஒப்பானது.

‘அலாவுதீன் கதையின் நகல்’ என்று ஒரே வரியில் ஒதுக்குவதும் சரியல்ல. ஏமாற்றி அழைத்துச் செல்லும் மந்திரவாதி, விரும்பியதைத் தரும் பொருள், இடம்பெயரும் மாளிகை ஆகியவற்றில் சாயல் உண்டு; மறுக்க வேண்டியதில்லை. ஆனால் பிங்கலி எடுத்துக்கொண்ட நேரடி மூலம், மதிர சுப்பன்ன தீட்சிதர் எழுதிய ‘காசி மஜிலி கதலு’. காசி யாத்திரையில் தங்கும் இடந்தோறும் ஒரு கதையாகச் சொல்லப்படும் அந்தப் பெருந்தொகுப்பு, தெலுங்கு வீடுகளில் விரும்பிப் படிக்கப்பட்டது. நரபலி கேட்கும் பாதாள தேவதையும் காளி உபாசகனும் வந்தது இந்த மண்ணின் கதை மரபிலிருந்து.

பெயர்களிலும் கவனம் வேண்டும். அஞ்சியாக நடித்த பாலகிருஷ்ணா ஒரு நகைச்சுவை நடிகர். 1960-இல் பிறந்த, ராமாராவின் மகனான பாலகிருஷ்ணா அல்லர். இந்துமதியாக நடித்தவர் கே.மாலதி. சாவித்திரி ஒரு நடனத்தில் மட்டுமே தோன்றுகிறார். பைரவியாக வருபவர் கிரிஜா. படத்தைத் தயாரித்த விஜயா நிறுவனத்தின் முதல் படமும் இதுவல்ல, 1950-இல் எல்.வி.பிரசாத் இயக்கிய ‘சௌகாரு’தான் முதல் படம்.

இதை ஆந்திரத்தில் எடுக்கப்பட்ட படம் என்றும், தமிழில் வந்தது மொழிமாற்றுப் படம் என்றும் எழுதுவது தமிழ் வாசகர்களிடையே அதிகம் காணப்படும் பிழை. ஆந்திர மாநிலம் உருவானதே 1953 அக்டோபரில்தான். நாகி ரெட்டியும் சக்கரபாணியும் இந்தப் படத்தைத் தயாரித்தது சென்னை வாஹினி ஸ்டுடியோவில். தெலுங்கிலும் தமிழிலும் சேர்த்தே உருவாக்கப்பட்டு, தமிழ்ப் படம் அதே ஆண்டு மே மாதம் வெளியானது. தமிழ் வசனமும் பாடல்களும் தஞ்சை ராமையாதாஸ் எழுதியவை, இரண்டுக்கும் இசை கண்டசாலா. தமிழ்ப் பிள்ளைகள் படித்து வளர்ந்த அம்புலிமாமாவைத் தொடங்கியவர்களும் இதே இரு தயாரிப்பாளர்கள்தாம் என்பதை நினைத்தால், படத்தின் கதைசொல்லும் சுவை ஏன் நமக்கு அந்நியமாகப் படுவதில்லை என்பது விளங்கும்.

கடைசியாக, பார்க்கும் முறை. இன்றைய அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டப்பட்ட, அல்லது பக்கவாட்டில் இழுக்கப்பட்ட பிரதிகளைத் தவிர்க்க வேண்டும். கணினி இல்லாத காலத்தில், கருப்பு வெள்ளையில், ஒளியையும் நிழலையும் மட்டுமே நம்பிக் குகையையும் பிரம்மாண்டமான பைரவி சிலையையும் பார்ட்லி படமாக்கியிருக்கிறார். ஏறக்குறைய சதுரமான அந்தப் பழைய சட்டகத்தில் சிலையின் உயரம் முழுதாகத் தெரிந்தால்தான், அதன் முன் நிற்கும் மனிதன் எவ்வளவு சிறியவன் என்பது கண்ணில் படும். இரு பக்கமும் கறுப்புப் பட்டைகள் விழும் பிரதி கிடைத்தால் அதையே தேர்ந்தெடுங்கள். மூன்று மணி நேரத்துக்கும் அதிகமாக ஓடுவதால், நீளம் குறைந்த பிரதியானால் காட்சிகள் வெட்டப்பட்டிருக்கின்றனவா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.