பீட்டாவில் பூட்டிய மோடுகளைச் சொந்த சர்வரில் திறப்பது எப்படி

மல்டிபிளேயர் துப்பாக்கி ஆட்டம் ஒன்றின் பீட்டா, அதாவது முழு வெளியீட்டுக்கு முந்தைய சோதனைப் பதிப்பு, வெளியாகும்போது மெனுவில் பாதி மோடுகள் (ஆடும் முறைகள்) அழுத்த முடியாதபடி மங்கலாக இருப்பது வழக்கம். அவற்றைத் திறந்து தருவதாகச் சொல்லிப் புழங்கும் மென்பொருள்களைத் தேடுவதற்கு முன்பு, அந்தப் பூட்டு எங்கே இருக்கிறது என்பதை உறுதிசெய்துகொள்ள வேண்டும். பூட்டு நிறுவனத்தின் சர்வரில், அதாவது ஆட்டத்தை நடத்தும் கணினியில், இருந்தால் அதை நம்மால் திறக்க இயலாது. திறக்க முயலவும் கூடாது. பூட்டு நம் கணினியின் மெனுவில் மட்டும் இருந்து, மோடுக்குரிய விதிகளும் மேப்புகள் எனப்படும் ஆடுகளங்களும் ஏற்கெனவே நம் வன்தட்டில் இறங்கியிருந்தால், சொந்த சர்வர் ஒன்றை நடத்தி அந்த மோடை நண்பர்களோடு ஆடிப் பார்ப்பதில் தவறு எதுவுமில்லை. வேலூர், காட்பாடி, குடியாத்தம், இராணிப்பேட்டை என்று பழைய வட ஆற்காடு மாவட்டத்து ஊர்களில் வீட்டு மாடியிலோ விடுதி அறையிலோ நாலைந்து கணினிகளைக் கம்பியால் இணைத்து ஆடும் இளைஞர்களை மனத்தில் வைத்தே இந்த வழிமுறையை எழுதுகிறேன்.

பூட்டின் இடம் ஆட்டத்துக்கு ஆட்டம் மாறுபடும். 2011 செப்டம்பர் இறுதியில் தொடங்கிய பேட்டில்ஃபீல்ட் 3 பீட்டாவில் எல்லோருக்கும் கிடைத்தது ஆபரேஷன் மெட்ரோ மேப்பில் ரஷ் மோடு மட்டுமே. கணினிப் பதிப்பில் காஸ்பியன் பார்டர் மேப் கடவுச்சொல் இட்ட சர்வர்களில் இருந்தது. அது முழுக்க முழுக்க சர்வர் பக்கத்துப் பூட்டு. 2020 ஏப்ரலில் மூடிய பீட்டாவாகத் தொடங்கி அதே ஆண்டு ஜூன் 2 அன்று வெளியான வேலரன்ட் இன்னும் இறுக்கமானது. நண்பர்களுக்காக நாம் உருவாக்கும் கஸ்டம் ஆட்டம்கூட அதை உருவாக்கிய நிறுவனத்தின் சர்வரில்தான் ஓடுகிறது என்பதால், அங்கே பயனர் கையில் திறப்பதற்கு ஒன்றுமே இல்லை. கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 இவற்றிலிருந்து வேறுபட்டது. 2023 மார்ச் 22 அன்று அதன் வரையறுக்கப்பட்ட சோதனை தொடங்கியபோது, வால்வ் நிறுவனத்தின் அதிகாரப்பூர்வ சர்வர்களில் அண்மைக்காலமாக ஆடிய நேரம், டிரஸ்ட் ஃபேக்டர் என்னும் நம்பகத்தன்மை மதிப்பீடு, ஆட்டங்களை இறக்கிக்கொள்ள உதவும் ஸ்டீம் தளத்தில் உள்ள கணக்கின் நிலை ஆகியவற்றைப் பார்த்தே ஆட்களைத் தேர்ந்தெடுத்தார்கள்; தொடக்கத்தில் டஸ்ட் 2 மேப்பும் டெத்மேட்ச் உள்ளிட்ட மிகச் சில மோடுகளும் மட்டுமே கிடைத்தன. ஆனால் இந்த ஆட்டத்தின் கோப்புகளுக்குள்ளேயே சர்வரும் அடங்கியிருக்கிறது. எனவே கற்றுக்கொள்வதற்கு இதைவிடப் பொருத்தமான ஆட்டம் இல்லை என்பது என் கருத்து. இங்கே பழகிய முறை, சொந்த சர்வரை அனுமதிக்கும் எந்த ஆட்டத்தின் பீட்டாவுக்கும் கை கொடுக்கும்.

பூட்டின் இடத்தைக் கண்டுபிடிக்க மூன்று இடங்களைப் பார்த்தால் போதும். ஸ்டீம் பக்கத்தில் அணுகல் கோரும் பொத்தான் இருந்தால் அது அழைப்பு வழியே மட்டும் திறக்கும் பீட்டா. பொத்தானை அழுத்திவிட்டுக் காத்திருக்க வேண்டியதுதான். லைப்ரரியில் ஆட்டத்தின் பெயர்மீது வலது சொடுக்கி, பிராப்பர்ட்டீஸ் சென்று, பீட்டாஸ் பகுதியைத் திறந்தால் கிடைக்கும் பதிப்புகளின் பட்டியலும் அணுகல் குறியீட்டை இடும் கட்டமும் தெரியும். குறியீட்டை ஆட்டத்தை உருவாக்கியவர்கள்தான் தர வேண்டும், விலைக்கு விற்பவர்களிடம் வாங்கக் கூடாது. மூன்றாவதாக, ஆட்டம் பதிவாகியுள்ள கோப்புறையில் மேப்புகள் இருக்கும் உட்கோப்புறையைப் பாருங்கள். மெனுவில் இல்லாத மேப்பின் கோப்பு அங்கே இருந்தால், பூட்டு நம் பக்கத்தில் இருப்பதற்கு அது நல்ல அடையாளம்.

இறக்கிக்கொள்வதைப் பற்றி ஒரு குறிப்பு. கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 ஆட்டத்துக்கு 85 ஜிபி இடமும் 8 ஜிபி நினைவகமும் தேவை என்று ஸ்டீம் பக்கம் குறிப்பிடுகிறது. கைப்பேசியின் ஹாட்ஸ்பாட்டை நம்பியிருக்கும் ஐந்து பேர் தனித்தனியே இதை இறக்குவது வீண் செலவு. ஒருவர் இறக்கினால் போதும். ஒரே வலைப்பின்னலில் உள்ள கணினிகளுக்கிடையே ஆட்டக் கோப்புகளை மாற்றிக்கொள்ளும் வசதியை ஸ்டீம் 2023ஆம் ஆண்டு முதல் தருகிறது. செட்டிங்ஸில் டவுன்லோட்ஸ் பகுதியில் அதை இயக்கிவிட்டால், மற்றவர்கள் இன்ஸ்டால் அழுத்தும்போது கோப்புகள் நண்பரின் கணினியிலிருந்தே வரும். கம்பி இணைப்பில் இது இணையத்தைவிடப் பன்மடங்கு வேகமாக முடியும்.

அடுத்தது பாதுகாப்பு, இதை யாரும் தாண்டிச் செல்ல வேண்டாம். வால்வ் நிறுவனத்தின் வேக் என்னும் ஏமாற்றுத் தடுப்பு முறை ஒரு கணக்கைத் தடைசெய்தால் அந்தத் தடை நிரந்தரமானது, மேல்முறையீட்டால் நீங்காது. பூட்டைத் திறப்பதாகச் சொல்லும் வெளி மென்பொருள்கள் பெரும்பாலும் ஆட்டத்தின் நினைவகத்துக்குள் நுழைகின்றன, அல்லது கோப்புகளை மாற்றுகின்றன. இரண்டுமே ஏமாற்று மென்பொருள்கள் செய்யும் வேலைதான். நாம் பயன்படுத்தப்போவது ஆட்டத்திலேயே உள்ள கட்டளைகளை மட்டும். அப்படியிருந்தும், சோதனை செய்யும் நேரத்தில் வேக் இணைப்பில்லாமல் ஆட்டத்தைத் தொடங்குவது நல்லது. பிராப்பர்ட்டீஸின் முதல் பகுதியிலுள்ள லாஞ்ச் ஆப்ஷன்ஸ் கட்டத்தில் சிறு கோடிட்டு «-இன்செக்யூர்» என்று எழுதினால், அந்த முறை ஆட்டம் வேக் பாதுகாப்புள்ள எந்த சர்வரிலும் சேராது. சேர்ந்து ஆடப்போகும் எல்லாக் கணினிகளிலும் இதைச் செய்திருக்க வேண்டும்.

கட்டளைகளை இங்கே ஒலிப்பின்படி தமிழில் தருகிறேன். தட்டச்சு செய்யும்போது அவற்றை ஆங்கிலச் சிற்றெழுத்துகளில், நான் அடிக்கோடு இட்டிருக்கும் இடங்களில் அடிக்கோடிட்டே எழுத வேண்டும். முதலில் செட்டிங்ஸில் கேம் பகுதிக்குச் சென்று, கட்டளைகளைத் தட்டச்சு செய்யும் திரையான டெவலப்பர் கன்சோலை இயக்குங்கள். பிறகு விசைப்பலகையில் எஸ்கேப் விசைக்கு நேர் கீழுள்ள விசையை அழுத்தினால் கன்சோல் திறக்கும். கவுன்டர்-ஸ்ட்ரைக்கில் ஒவ்வொரு மோடும் இரண்டு எண்களால் குறிக்கப்படுகிறது: ஒன்று வகை, மற்றொன்று அந்த வகைக்குள் மோடு. கேஷுவல் 0, 0; காம்பெடிட்டிவ் 0, 1; இருவருக்கு இருவர் ஆடும் விங்மேன் 0, 2; ஆர்ம்ஸ் ரேஸ் 1, 0; டெமாலிஷன் 1, 1; டெத்மேட்ச் 1, 2. நியூக் மேப்பில் விங்மேன் வேண்டுமென்றால் கன்சோலில் ஒவ்வொரு வரியாக இப்படி எழுதி என்டர் விசையை அழுத்த வேண்டும்:

கேம்_டைப் 0
கேம்_மோட் 2
மேப் டிஇ_நியூக்

வரிசை முக்கியமானது. மேப் ஏறும்போதுதான் சர்வர் இந்த இரண்டு எண்களையும் படித்து உரிய விதிக் கோப்பை இயக்கும். ஆகையால் மேப் ஏறிய பிறகு எண்களை மாற்றினால் உடனே எதுவும் நடக்காது, மேப்பை மீண்டும் ஏற்ற வேண்டும். பலர் இங்கேதான் தடுமாறி, மோடு பூட்டியிருக்கிறது என்று முடிவுகட்டி விடுகிறார்கள். எண் எதுவும் இடாமல் «கேம்_மோட்» என்று மட்டும் எழுதினால் அப்போதைய மதிப்பு திரையில் வரும். ஐயம் வந்தால் அதைப் பார்த்துக்கொள்ளலாம். மேப் ஏறியதும் முன்பயிற்சி நேரத்தை முடிக்க «எம்பி_வார்ம்அப்_எண்ட்», ஆள் குறைந்தால் கணினியே இயக்கும் ஆட்டக்காரரான பாட் ஒன்றைச் சேர்க்க «பாட்_ஆட்», ஆட்டத்தைப் புதிதாகத் தொடங்க «எம்பி_ரீஸ்டார்ட்கேம் 1» ஆகிய மூன்றும் போதும்.

எண் இருக்கிறது என்பதால் மோடு முழுமையாக இருக்கிறது என்று கொள்ளக் கூடாது. கவுன்டர்-ஸ்ட்ரைக் 2-க்கு முன்பு, 2012 ஆகஸ்டில் வெளியான கவுன்டர்-ஸ்ட்ரைக்: குளோபல் அஃபென்சிவ் ஆட்டத்தில் ஆர்ம்ஸ் ரேஸும் டெமாலிஷனும் தொடக்கத்திலேயே இருந்தன. 2023 செப்டம்பர் 27 அன்று கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 முழுமையாக வெளியானபோது இரண்டுமே மெனுவில் இல்லை. ஆர்ம்ஸ் ரேஸ் 2024 பிப்ரவரியில்தான், பேகேஜ், ஷூட்ஸ் என்ற தனக்குரிய மேப்புகளோடு திரும்பி வந்தது. பீட்டாவில் ஒரு மோடு மங்கலாக நிற்பதற்குப் பெரும்பாலும் காரணம், அதன் வேலை இன்னும் முடியாததுதான். கட்டளையால் அதை ஓடவைத்தாலும், புள்ளிகள் ஏறாமல் இருக்கலாம், ஆயுதம் மாறாமல் இருக்கலாம், சுற்று முடியாமல் தொடரலாம். அப்படி நேர்ந்தால் அதை நம் கணினியின் குறையாகக் கருத வேண்டியதில்லை.

அந்த நிலையில் நான் விரும்பிப் பரிந்துரைப்பது, இல்லாத மோடை விதிகளைக் கொண்டு நாமே கட்டிக்கொள்வதுதான். மோடு என்பது பெயரளவில் ஒன்றாகத் தெரிந்தாலும், உண்மையில் ஈர்ப்பு எவ்வளவு, கையில் எந்த ஆயுதம், வாங்குவதற்கு எத்தனை நேரம், எத்தனை சுற்று என்னும் அளவுகளின் தொகுப்பே. பழைய ஆட்டத்தில் பலரும் விரும்பிய பறக்கும் ஸ்கவுட் மோடை எடுத்துக்கொள்வோம். கேஷுவல் மோடில் ஒரு மேப்பை ஏற்றிக்கொண்டு, இயல்பாக 800 ஆக இருக்கும் «எஸ்வி_கிராவிட்டி» மதிப்பை 230 அளவுக்குக் குறைக்க வேண்டும். «எம்பி_சிடி_டிஃபால்ட்_பிரைமரி», «எம்பி_டி_டிஃபால்ட்_பிரைமரி» ஆகிய இரண்டிலும் ஸ்கவுட் என்று அழைக்கப்படும் எஸ்எஸ்ஜி 08 துப்பாக்கியின் பெயரைத் தந்து, «எம்பி_பைடைம் 0» என்று கடையை மூடிவிட்டால் எல்லோர் கையிலும் ஒரே துப்பாக்கிதான் இருக்கும். குதித்தபடி சுடும்போது குண்டு சிதறாமல் இருக்க «எஸ்வி_சீட்ஸ் 1» இட்டபின் «வெப்பன்_அக்யூரசி_நோஸ்பிரெட் 1» என்று எழுத வேண்டும். பிறகு ஒருமுறை ரீஸ்டார்ட் செய்தால் மோடு தயார். இந்த வரிகளை எல்லாம் ஒரு உரைக் கோப்பில் எழுதி, சிஎஃப்ஜி என்ற நீட்டிப்போடு ஆட்டத்தின் சிஎஃப்ஜி கோப்புறையில் சேமித்துவிட்டால், அடுத்த முறை «எக்ஸெக்» என்ற கட்டளைக்குப் பின் கோப்பின் பெயரை எழுதினால் போதும். இப்படி ஒருமுறை செய்தவருக்கு, ஆட்டத்தை வடிவமைப்பவர்கள் ஏன் ஒரு மோடை அவசரமாகத் திறப்பதில்லை என்பது நன்றாகப் புரியும். ஈர்ப்பை ஐம்பது புள்ளி மாற்றினாலே முழு மேப்பின் சமநிலையும் கலைந்துவிடுகிறது.

நண்பர்களை இணைக்க, சர்வராக இருக்கும் கணினியில் மேப் ஏற்றுவதற்கு முன்பே «எஸ்வி_லேன் 1» என்று இட வேண்டும். விண்டோஸின் கட்டளைத் திரையில் ஐபிகான்ஃபிக் என்று எழுதினால் அக்கணினியின் முகவரி, பெரும்பாலும் 192.168 என்று தொடங்குவது, கிடைக்கும். மற்றவர்கள் தங்கள் கன்சோலில் «கனெக்ட்» என்று எழுதி, அந்த முகவரியையும் அதன்பின் முக்காற்புள்ளியிட்டு 27015 என்ற போர்ட் எண்ணையும் சேர்க்க வேண்டும். சேர முடியவில்லை என்றால் முதலில் விண்டோஸ் ஃபயர்வாலைப் பாருங்கள். தனியார் வலைப்பின்னலில் ஆட்டத்துக்கு அனுமதி இருக்க வேண்டும். அது சரியாக இருந்தும் இணையவில்லை என்றால் காரணம் வைஃபையாக இருக்கலாம். கல்லூரி விடுதிகளிலும் மேன்ஷன்களிலும் ஒரு கருவி மற்றொரு கருவியைப் பார்க்க முடியாதபடி வைஃபையை அமைத்திருப்பார்கள். அது பாதுகாப்புக்காகச் செய்தது, அதைக் குடைய வேண்டாம். கணினிகளைக் கம்பியால் இணைக்கும் ஒரு சிறிய நெட்வொர்க் ஸ்விட்சும் ஆளுக்கொரு லேன் கேபிளும் வாங்கிக்கொண்டால் சிக்கல் தீர்ந்துவிடும். அறைக்கொரு ரவுட்டர் வைத்திருப்பவர்கள், ஒருவரின் முகவரியில் மூன்றாவது எண் 0 ஆகவும் மற்றவருடையதில் 1 ஆகவும் இல்லாமல், எல்லோரும் ஒரே ரவுட்டரில் இருக்கும்படி பார்த்துக்கொள்ள வேண்டும்.

வால்வ் நிறுவனத்தின் சர்வர்கள் இந்தியாவில் மும்பையிலும் சென்னையிலும் உள்ளன. சென்னை சர்வர் நமக்கு அருகில் இருந்தாலும் இணையத்தின் தரத்தைப் பொறுத்தே பிங், அதாவது சர்வருக்குத் தகவல் போய்வர ஆகும் நேரம், அமையும். கம்பியால் இணைத்த சொந்த சர்வரில் அந்தக் கவலை இல்லை. ஐந்து பேருக்கு மேல் ஆடுவதாக இருந்தால், சர்வரை ஆடுபவரின் கணினியில் வைக்காமல் தனிக் கணினியில் «-டெடிகேட்டட்» என்ற குறிப்போடு இயக்குவது சிறந்தது. அதில் திரைக்காட்சி எதுவும் வரையப்படாது என்பதால் பழைய கணினியே தாங்கும்.

நம் ஊரில் வேறொன்றையும் கருத்தில் கொள்ள வேண்டியுள்ளது. ஏப்ரல், மே மாதங்களில் வேலூரில் வெயில் 40 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது இயல்பு. அந்த வெப்பத்தில், ஆடவும் சர்வராக இருக்கவும் ஒரே மடிக்கணினியைப் பயன்படுத்தினால், செயலி தன்னைக் காத்துக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். அப்போது அந்த ஒருவருக்கு மட்டுமல்ல, இணைந்திருக்கும் அனைவருக்கும் ஆட்டம் தடுமாறும். நொடிக்கு எத்தனை படங்கள் வரையலாம் என்று வரம்பிடும் «எஃப்பிஎஸ்_மேக்ஸ்» மதிப்பைத் திரையின் புதுப்பிப்பு வேகத்துக்கு ஏற்ப 60 அல்லது 144 என்று கட்டுப்படுத்துவது வெப்பத்தைக் கணிசமாகக் குறைக்கும். மாலை வெயில் தாழ்ந்த பிறகு ஆடுவது இன்னும் நல்லது. கரண்ட் போனால் மடிக்கணினி பேட்டரியில் ஓடும், ஆனால் ஸ்விட்சும் ரவுட்டரும் நின்றுவிடும். இன்வெர்ட்டர் இணைப்புள்ள பிளக்கில் முதலில் செருக வேண்டியவை அவை இரண்டும்தான்.

ஆடும்போது கண்ட பிழைகளைக் குறித்து வைத்து, எந்தப் பதிப்பு, எந்த மேப், எந்தக் கட்டளைக்குப் பின் நேர்ந்தது என்ற விவரத்தோடு உருவாக்கியவர்களுக்கு அனுப்புங்கள். பீட்டா நடத்தப்படுவதே அதற்காகத்தான். ஆனால் ரகசியம் காக்கும் நிபந்தனையோடு அழைப்பு வந்திருந்தால், திறந்து பார்த்ததைப் படம்பிடித்து வெளியிடக் கூடாது. ஆட்டம் முடிந்து வழக்கமான ஆன்லைன் ஆட்டத்துக்குத் திரும்பும் முன், லாஞ்ச் ஆப்ஷன்ஸ் கட்டத்தில் எழுதியதை அழித்து, பிராப்பர்ட்டீஸில் கோப்புகளைச் சரிபார்க்கும் வசதியை ஒருமுறை இயக்கி, ஸ்டீமை மூடித் திறந்த பிறகே அதிகாரப்பூர்வ சர்வரில் சேருங்கள்.