ஸ்கேட்டிங் ஹெல்மெட்: தலையில் இருந்தும் காப்பாற்றாமல் போக வைக்கும் தவறுகள்

ஸ்கேட்டிங்கில் பின்பக்கமாக விழுவது மிகவும் சகஜம். சக்கரம் முன்னே ஓடிவிடும், உடம்பு பின்னே தங்கிவிடும். இடுப்பு தரையில் பட்ட கையோடு பின்மண்டையும் மோதும். ஸ்கேட்டிங் ஹெல்மெட் பின்பக்கம் கழுத்தை நோக்கி நன்றாக இறங்கியிருப்பது அதனால்தான்.

வெளியே தெரியும் கடினமான ஓடுதான் தலையைக் காப்பாற்றுகிறது என்று பலர் நினைக்கிறார்கள். அது அடியைப் பரப்பிவிடும், கூரான கல்லைத் தடுக்கும், அவ்வளவுதான். முக்கியமான வேலையைச் செய்வது உள்ளே இருக்கும் நுரை அடுக்கு. பெரும்பாலான ஹெல்மெட்டுகளில் அது ஈபிஎஸ், அதாவது தெர்மாகோல் வகை. மோதும்போது அது நசுங்குகிறது. நசுங்க எடுத்துக்கொள்ளும் அந்தக் கண நேரத்தில் தலை சற்று மெதுவாக நிற்கிறது, மூளைக்குப் போகும் அதிர்ச்சி குறைகிறது. இது நடக்க இரண்டு விஷயங்கள் வேண்டும்: நுரை பழுதில்லாமல் இருக்க வேண்டும், அடிபடும் நொடியில் அது இருக்க வேண்டிய இடத்தில் இருக்க வேண்டும். கீழே வரும் தவறுகள் எல்லாமே இந்த இரண்டில் ஒன்றைக் கெடுப்பவைதான்.

வளர்கிற பிள்ளை என்று பெரிதாக வாங்குவது

சட்டைக்குச் சரி, ஹெல்மெட்டுக்குச் சரியில்லை. தலைக்கும் நுரைக்கும் நடுவே இடைவெளி இருந்தால் விழும்போது ஹெல்மெட் சுழன்று நெற்றியையோ பின்மண்டையையோ திறந்துவிடும். வயதைச் சொல்லி வாங்காமல் தலையை அளந்து வாங்குங்கள். தையல் டேப்பைப் புருவத்துக்கு மேலே சுமார் 2 செ.மீ. உயரத்தில் வைத்து, காதுகளுக்கு மேலாக, பின்மண்டை அதிகம் புடைத்திருக்கும் இடத்தின் வழியே சுற்றிக் கொண்டுவர வேண்டும். இரண்டு மூன்று முறை அளந்து பெரிய எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு நிறுவனத்தின் மீடியம் இன்னொரு நிறுவனத்தின் மீடியம் அல்ல. உள்ளே ஒட்டியிருக்கும் செ.மீ. அளவைத்தான் நம்ப வேண்டும்.

நெற்றியில் அழுத்துகிறது, ஆனால் பக்கவாட்டில் ஆடுகிறது என்றால் அளவில் குறையில்லை, தலையின் வடிவத்துக்கு அந்த மாடல் ஒத்துவரவில்லை. பெரிய அளவுக்குப் போகாதீர்கள், வேறு மாடலைப் பாருங்கள். பின்னால் இருக்கும் டயலைத் திருகினால் எல்லாம் சரியாகிவிடும் என்பதும் தவறு. டயல் ஒரு பட்டையைத்தான் இறுக்கும், நுரைக்கும் தலைக்கும் இடையே உள்ள பெரிய இடைவெளியை அது மூடாது. சிறிய இடைவெளிக்குக் கூடவே வரும் தடித்த மெத்தைத் துண்டுகள் போதும்.

பின்னால் சாய்த்துப் போடுவதும் வாரைத் தொங்கவிடுவதும்

நாம் அதிகம் பார்க்கும் தவறு இது. நெற்றி முழுக்கத் தெரிகிற மாதிரி ஹெல்மெட் பின்னால் சரிந்திருந்தால், முன்பக்கமாக விழுகிறவருக்கு அது இருந்தும் இல்லாததுபோல்தான். முன் விளிம்புக்கும் புருவத்துக்கும் நடுவே இரண்டு விரல் இடம்தான் இருக்க வேண்டும்.

போடும் வரிசையும் முக்கியம். முதலில் டயலைத் தளர்த்தி, ஹெல்மெட்டைத் தட்டையாக வையுங்கள். தாடை வாரை மாட்டாமலே டயலை இறுக்குங்கள். குனிந்து தலையை மெல்ல ஆட்டும்போது ஹெல்மெட் நகராமல் நின்றால் போதும், வலிக்கும் வரை இறுக்க வேண்டியதில்லை. அடுத்து பக்க வார்கள். முன் வாரும் பின் வாரும் காது மடலுக்குச் சற்றுக் கீழே வந்து சேர வேண்டும், காதின் மேல் ஏறக்கூடாது. கடைசியாகத் தாடை வார். அதற்கும் தாடைக்கும் நடுவே ஒரு விரல் தாராளமாக நுழையலாம், இரண்டு விரல் நுழைவதே சிரமமாக இருக்க வேண்டும்.

இப்போது கொட்டாவி விடுவதுபோல வாயை அகலத் திறவுங்கள். ஹெல்மெட் உச்சந்தலையை அழுத்துவது தெரிய வேண்டும். தெரியாவிட்டால் வார் தளர்ந்திருக்கிறது. பிறகு உள்ளங்கையால் முன் விளிம்பை மேல்நோக்கித் தள்ளிப் பாருங்கள். நெற்றி திறந்துகொண்டால் முன் வாரைக் குறைக்க வேண்டும். பின்னாலிருந்து தள்ளும்போது கண்ணை மறைத்தால் பின் வாரை இறுக்க வேண்டும். வாரின் மிச்ச நுனியை ரப்பர் வளையத்துக்குள் செருகிவிடுங்கள். தொங்கவிட்டால் நாளடைவில் வார் தானாக நழுவி நீளும். கொக்கியை மாட்டும்போது அதற்குப் பின்னே ஒரு விரலைக் கொடுத்தால் குழந்தையின் தோல் சிக்காது. ஒரு முறை தோல் சிக்கிய குழந்தை மறுபடி கொக்கி போட மறுத்துவிடும்.

உச்சிக் கொண்டை, தடித்த கிளிப், தொப்பி எதுவும் உள்ளே இருக்கக்கூடாது. கிளிப் அடிபடும் இடத்தில் குத்தும், கொண்டை ஹெல்மெட்டைத் தூக்கிவிடும். கூந்தலைக் கழுத்தருகே தாழ்வாகப் பின்னிக்கொள்வதே நல்லது.

தோற்றத்தை மட்டும் பார்த்து வாங்குவது

ஸ்கேட்டிங் ஹெல்மெட் போலவே இருக்கும் எல்லாமே ஸ்கேட்டிங் ஹெல்மெட் அல்ல. நுரையை விரலால் அழுத்திப் பார்த்தும் தீர்மானிக்க முடியாது, உள்ளே இருக்கும் சான்று ஸ்டிக்கரைத்தான் பார்க்க வேண்டும். ஐரோப்பாவின் இஎன் 1078 என்ற தரம் சைக்கிள், ஸ்கேட்போர்டு, ரோலர் ஸ்கேட் மூன்றுக்குமானது. ஏஎஸ்டிஎம் என்ற தர நிர்ணய அமைப்பின் எஃப் 1492 ஸ்கேட்போர்டுக்கும் வித்தைகள் செய்யும் ரோலர் ஸ்கேட்டிங்குக்குமானது. மிதமான அடிகள் திரும்பத் திரும்ப விழுவதைத் தாங்கச் சோதிக்கப்படுவது. அமெரிக்க நுகர்பொருள் பாதுகாப்பு ஆணையமான சிபிஎஸ்சியின் 1203 சைக்கிளுக்கானது. 2 மீட்டர் உயரத்திலிருந்து தட்டையான தளத்தில் விழவைத்துச் சோதிப்பார்கள். ஒரே ஹெல்மெட்டைச் சைக்கிளுக்கும் பயன்படுத்துவீர்கள் என்றால் இரண்டுக்கும் சான்று பெற்றதை வாங்குங்கள்.

பலமாக விழுந்த பிறகும் அதையே போடுவது

நசுங்கிய ஈபிஎஸ் பழைய நிலைக்கு முழுமையாகத் திரும்பாது. ஆனால் மேல் ஓடு வளைந்து நிமிர்ந்துவிடும், அதனால் வெளியே ஒரு கீறல் தவிர எதுவும் தெரியாது. இதுதான் ஏமாற்றுவது. தலை ஹெல்மெட்டோடு தரையில் மோதியிருந்தால், விரிசல் தெரியாவிட்டாலும் மாற்றிவிடுங்கள். பல அடிகளைத் தாங்கும் என்று சான்று உள்ளவற்றில் சின்னத் தட்டல்கள் பரவாயில்லை. பலத்த அடிக்குப் பின் அவற்றையும் மாற்ற வேண்டியதுதான். சந்தேகமாக இருந்தால் மெத்தைகளைக் கழற்றி, டார்ச் வெளிச்சத்தில் நுரையை முழுக்கப் பாருங்கள்: மயிரிழை விரிசல், பளபளப்பாக அமுங்கிய இடம், ஓட்டிலிருந்து நுரை பிரிந்திருப்பது, இவற்றில் ஒன்று இருந்தாலும் போதும், கைவிட்டுவிடுங்கள். பழைய ஹெல்மெட்டை வாங்க வேண்டாம் என்று சொல்வதும் இதனால்தான். அது எத்தனை முறை விழுந்தது என்று உங்களுக்குத் தெரியாது.

விழாமலும் நுரை கெடும். ஒரே பையில் ஸ்கேட்டின் உலோகப் பகுதிக்கு அடியில் ஹெல்மெட்டைத் திணிப்பது, அதன்மேல் உட்காருவது, கேமரா மாட்டத் துளை போடுவது எல்லாம் அந்த இடத்தில் நுரையைப் பலவீனமாக்கும்.

சுத்தம் செய்கிறேன் என்று கெடுப்பது

பெட்ரோல் பட்டால் தெர்மாகோல் கரைந்துபோவதைப் பார்த்திருப்பீர்கள். தின்னர், நகப்பூச்சு நீக்கி, சில ஸ்ப்ரே பெயின்டுகள், ஸ்டிக்கர் பசைகள் ஆகியவையும் நுரையையோ ஓட்டையோ அரிக்கும். மேலே பளபளப்பாக இருக்கும்போதே ஓடு உடையக்கூடியதாக மாறியிருக்கலாம். மிதமான சோப்பு, தண்ணீர், மென்மையான துணி போதும். மெத்தைகளைக் கழற்றிக் கையால் அலசி, நிழலில் உலர்த்துங்கள். வாஷிங் மெஷினும் ஹேர் டிரையரும் வேண்டாம். ஈர ஹெல்மெட்டைப் பையில் மூடி வைத்தால் வியர்வை நாற்றம் போகவே போகாது.

வெயிலில் பூட்டிய காருக்குள் விட்டுவிடாதீர்கள். சோதனைகளில் ஹெல்மெட்டைச் சூடாக்கிப் பார்ப்பதே சுமார் 50 டிகிரி செல்சியஸ் வரைதான்; டாஷ்போர்டு அதையும் தாண்டும். ஓடு குமிழ்விட்டிருந்தால் அந்த ஹெல்மெட் முடிந்துவிட்டது.

அடிபடாத சைக்கிள் ஹெல்மெட்டையும் 5 முதல் 10 ஆண்டுகளில் மாற்றச் சொல்கிறது சிபிஎஸ்சி. தினமும் வியர்வையிலும் வெயிலிலும் புழங்குவதை இன்னும் முன்னதாகவே மாற்றுவது நல்லது. தயாரிப்பு மாதமும் ஆண்டும் உள்ளே ஒட்டியிருக்கும். வார் நைந்திருந்தாலோ கொக்கி 'டிக்' என்று விழாவிட்டாலோ ஆண்டுக்கணக்குப் பார்க்க வேண்டாம்.

ஸ்கேட்டைக் கழற்றிவிட்டு ஹெல்மெட்டைக் கழற்றாதது

பயிற்சி முடிந்ததும் குழந்தைகள் ஹெல்மெட்டோடே ஊஞ்சலுக்கும் ஏணிக்கும் ஓடுவார்கள். உடம்பு நுழையும் கம்பி இடைவெளியில் ஹெல்மெட் மாட்டிக்கொண்டால் குழந்தை தாடை வாரில் தொங்கிக் கழுத்து இறுகிவிடும். இப்படி உயிரிழப்புகள் நடந்திருக்கின்றன. அழுத்தம் வந்தால் தானே அவிழும் கொக்கியோடு சிறு குழந்தைகளுக்கென இஎன் 1080 என்ற தனித் தரமே உண்டு. ஆனால் சாதாரண ஸ்கேட்டிங் ஹெல்மெட்டின் கொக்கி அப்படி அவிழாது. ஸ்கேட் கழன்ற அதே இடத்தில் ஹெல்மெட்டையும் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.