சரிவான நிலத்தில் வேலிக் கதவு: குழி தோண்டுமுன் முடிவு செய்யவேண்டியது

தோட்டத்தோடு சேர்ந்த வீட்டுக்குக் குடிவந்தால் வேலி வேலை என்றைக்காவது உங்கள் தலையில் விழும். சமதரையில் மரக் கதவு மாட்டுவது பெரிய வித்தை இல்லை. தரை சரிந்திருந்தால்தான் வம்பு. மூடும்போது அழகாக நிற்கும் கதவு, பாதி திறந்ததும் மண்ணில் இடித்து நின்றுவிடும். கதவு செய்த விதத்தில் பெரும்பாலும் குறை இருக்காது. கீலைத் தவறான பக்கம் வைத்திருப்பார்கள்.

அதற்கு முன் காகித வேலை. வாடகை வீடென்றால் உரிமையாளரின் அனுமதியை எழுத்தில் வாங்குங்கள். சொந்த வீடென்றால் எல்லைக்கோடு எங்கே ஓடுகிறது, எவ்வளவு உயரம்வரை அனுமதி என்று உள்ளாட்சி அலுவலகத்தில் கேளுங்கள். பக்கத்து வீட்டாரிடமும் ஒரு வார்த்தை சொல்லிவிடுவது நல்லது. எரிவாயுக் குழாயும் மின்கம்பியும் மண்ணுக்கடியில் போகும் இடங்களில், தோண்டுமுன் அவற்றைக் குறித்துக் கொடுக்கும் சேவை இருக்கிறதா என்று விசாரியுங்கள்; பல நாடுகளில் இது இலவசம்.

சரி, சரிவை அளப்போம். மேட்டுப் பக்கத் தூண் வரும் இடத்தில் நேரான பலகையின் ஒரு நுனியை வையுங்கள். மறுநுனியைத் தாழ்வான பக்கம் நீட்டி, மேலே ரசமட்டம் வைத்துக் கிடைமட்டமாகப் பிடியுங்கள். அங்கே பலகைக்கும் தரைக்கும் உள்ள இடைவெளிதான் இறக்கம். 1 மீட்டர் அகலத்துக்கு 4, 5 சென்டிமீட்டர் இறக்கம் என்றால் அலட்டிக்கொள்ள வேண்டாம். சட்டத்தைச் சதுரமாகவே செய்து, அதில் செங்குத்தாக அடிக்கும் பலகைகளின் அடியை மட்டும் தரையின் சாய்வுக்கு அறுத்துவிடலாம். 10 சென்டிமீட்டர் அளவுக்கு வந்துவிட்டால் மேல், கீழ்ச் சட்டங்களையும் சாய்வாக வைப்பதே பார்வைக்கு நன்றாக இருக்கும். நாய் நுழையும் முக்கோண இடைவெளியும் வராது.

அப்படிச் சாய்த்துச் செய்யும் கதவுக்குக் கீல் தாழ்வான பக்கத் தூணில்தான் வரவேண்டும். அப்போது தாழ்ப்பாள் முனை மேட்டின் மேல் உயர்ந்து நிற்கும்; திறக்கும்போது அது தாழ்ந்த தரைக்கு மேலாகப் போவதால் எதிலும் இடிக்காது. கீலை மேட்டுப் பக்கம் வைத்தால் தாழ்ப்பாள் முனை கீலைவிடத் தாழ்வாக இருக்கும். திறந்தவுடன் அது மேட்டைச் சந்திக்கும், அவ்வளவுதான்.

இது வேலியின் நீளவாக்கில் இருக்கும் சரிவு. கதவு திறக்கும் திசையிலேயே தரை ஏறினால் கணக்கு வேறு. 1 மீட்டரில் தரை 8 சென்டிமீட்டர் ஏறுகிறது என்றால், உள்ளே திறக்கும் கதவின் அடியில் அதற்கும் மேலாக இடம் விடவேண்டும். இறக்கத்தை நோக்கித் திறப்பது எளிய வழி. ஆனால் கதவு பொது நடைபாதையின் மேல் திறப்பதைப் பல இடங்களில் அனுமதிப்பதில்லை, கேட்டுக்கொள்ளுங்கள். அங்கே இரட்டைக் கதவு கைகொடுக்கும். ஒவ்வொன்றும் அரை மீட்டர் என்றால் ஏற்றமும் 4 சென்டிமீட்டராகக் குறைந்துவிடும்.

தூண்கள் எப்போதும் செங்குத்தாகவே நிற்கவேண்டும். தரை சாய்ந்திருக்கிறதே என்று தூணையும் சேர்த்துச் சாய்க்காதீர்கள். கதவு தானாகத் திறந்துகொள்ளும் அல்லது மூடிக்கொள்ளும். அடுத்தடுத்த இரண்டு முகங்களில் ரசமட்டம் வைத்துப் பாருங்கள். மொத்த நீளத்தில் மூன்றில் ஒரு பங்கு மண்ணுக்குள் போகட்டும். குளிரில் மண் உறையும் நாடென்றால் உறையும் ஆழத்துக்கும் கீழே போகவேண்டும், இல்லையேல் பனிக்காலத்தில் மண் தூணை மேலே தள்ளிவிடும். கான்கிரீட்டின் மேற்பரப்பை வெளிப்பக்கம் சரிவாகப் பூசினால் தண்ணீர் தேங்காது. ஒரு வாரம் பொறுத்துக் கதவை மாட்டுங்கள். அவசரப்பட்டால் கனம் தூணை இழுத்துவிடும்.

சட்டத்தின் கோணத்தைக் கணக்குப் போட்டுக் கண்டுபிடிக்கத் தேவையில்லை. இரண்டு தூண்களிலும் தரையிலிருந்து ஒரே உயரத்தில் நூல் கட்டுங்கள். குறுக்குச் சட்டத்தை நூலோடு ஒட்டிப் பிடித்து, தூணின் ஓரத்தைப் பென்சிலால் அதன்மேல் இழுத்தால் கோணம் கிடைத்துவிடும். கீல் பக்கமும் தாழ்ப்பாள் பக்கமும் சுமார் 1 சென்டிமீட்டர் இடைவெளிக்குக் கழித்து அறுக்கவேண்டும். வட அமெரிக்காவில் இருப்பவர்கள் இன்னொன்றையும் கவனிக்கவேண்டும்: அங்கே 2×4 என்று விற்கும் மரம் உண்மையில் 38×89 மில்லிமீட்டர்தான். வரைபடத்தில் 2 அங்குலம், 4 அங்குலம் என்று போட்டால் எல்லாம் பொருந்தாமல் போகும்.

அப்புறம் மூலைச் சட்டம், அதாவது கதவு தொய்யாமலிருக்க மூலைக்கு மூலை சாய்வாகப் போடுவது. மரத்தாலானது என்றால் கீல் பக்கத்தின் அடியிலிருந்து தாழ்ப்பாள் பக்கத்தின் தலைக்கு ஏறவேண்டும். அப்போதுதான் அது தாழ்ப்பாள் முனையைக் கீழிருந்து தாங்கும். கம்பி போட்டு முறுக்குவதென்றால் இதற்கு நேர் எதிர்: கீல் பக்கத் தலையிலிருந்து தாழ்ப்பாள் பக்க அடிக்கு. கீல் தாழ்வான பக்கம் இருப்பதால் மரச் சட்டம் இன்னும் செங்குத்தாக அமையும். தொய்வைத் தாங்க அது நல்லது.

பதப்படுத்திய மரத்தில் செம்பு கலந்த மருந்து இருக்கலாம். அது சாதாரண இரும்பு ஸ்க்ரூவை அரித்துவிடும், எவர்சில்வரோ உருகிய துத்தநாகத்தில் முக்கியெடுத்த கனமான பூச்சுள்ளதோ வாங்குங்கள். அறுத்த முனைகளுக்கு அதற்கென விற்கும் மரப் பாதுகாப்பு மருந்தைத் தடவுங்கள். தாழ்ப்பாளைக் கடைசியில், கதவு மாட்டிச் சில நாள் ஆனபின் பொருத்துங்கள். மழையில் மரம் உப்பும், கதவும் கொஞ்சம் இறங்கும். மேலும் கீழும் சற்று நகர்த்தக்கூடிய வகைத் தாழ்ப்பாளாக இருந்தால் பிறகு திருத்துவது சுலபம்.