கொலுசுச் சங்கிலியும் மீப்பெரு பொதுக் காரணியும்: அளவுக் கணக்கைப் போடும் வழி

36-க்கும் 48-க்கும் மீப்பெரு பொதுக் காரணி என்ன என்று ஆறாம் வகுப்புப் பிள்ளையிடம் கேளுங்கள், சட்டென்று 12 என்று சொல்லிவிடும். அதையே 36 மீட்டர் கயிறு ஒன்று, 48 மீட்டர் கயிறு ஒன்று, இரண்டையும் மிச்சமில்லாமல் ஒரே அளவாக வெட்ட வேண்டும், துண்டு அதிகபட்சம் எவ்வளவு நீளம் இருக்கலாம் என்று கேட்டால் பேனா அப்படியே நின்றுவிடுகிறது. காரணி கண்டுபிடிக்கத் தெரியும், ஆனால் அது கையில் எடுத்தால் எப்படி இருக்கும் என்று யாரும் காட்டவில்லை. அது ஓர் அளவுகோல். கொடுத்த நீளங்கள் எல்லாவற்றையும் மிச்சமில்லாமல் அளந்து முடிக்கிற கோல்களிலேயே மிக நீளமானது.

சேலத்தில் செவ்வாய்ப்பேட்டைப் பக்கம் ஒரு கொலுசுப் பட்டறையில் இரண்டு வெள்ளிச் சங்கிலிகள் இருப்பதாக வைத்துக்கொள்வோம். ஒன்று 4.5 மீட்டர், இன்னொன்று 3.15 மீட்டர். வெள்ளியில் ஒரு பொட்டுகூட வீணாகக் கூடாது, துண்டுகள் எல்லாம் ஒரே நீளம், அதுவும் முடிந்தவரை நீளமாக.

முதல் வேலை, தசமப் புள்ளியை ஒழிப்பது. சென்டிமீட்டருக்கு மாற்றினால் 450, 315. இந்த ஒரு வரியை விட்டுவிட்டுத்தான் பாதிப் பேர் தடுக்கி விழுகிறார்கள், அடியும் அங்குலமும் கலந்து வந்தாலும், கிலோவும் கிராமும் கலந்து வந்தாலும் இதே கதைதான்.

அப்புறம் இரண்டு சங்கிலியையும் பக்கத்தில் பக்கத்தில் போடுங்கள். நீளமானதில் சின்னதன் அளவை எடுத்துவிட்டால் மிஞ்சுவது 135. அந்த 135-ஐ வைத்து 315-ஐ அளந்தால் இரண்டு முறை போய் 45 மிஞ்சும். 45-ஐ வைத்து 135-ஐ அளந்தால் சரியாக மூன்று முறை, மிச்சம் இல்லை. அவ்வளவுதான், துண்டின் நீளம் 45 செ.மீ. எண்களைப் பகா எண்களின் பெருக்கலாக உடைத்துப் பகாக் காரணிப்படுத்த வேண்டிய வேலையே இல்லை. சுமார் கி.மு. 300-ல் கிரேக்கக் கணித அறிஞர் யூக்ளிட் எழுதி வைத்த வழி இது. அவருடைய எலிமெண்ட்ஸ் நூலின் ஏழாம் பகுதியில் ஒரு எண் இன்னொன்றை மீதியில்லாமல் வகுப்பதை 'அளக்கிறது' என்றே சொல்கிறார். எனக்கு ரொம்பப் பிடித்த சொல் அது. வீட்டில் நூல்கண்டு இருந்தால் இரண்டு துண்டு வெட்டிப் பிள்ளைகளையே செய்து பார்க்கச் சொல்லுங்கள், பலகையில் பத்து முறை போட்டுக் காட்டுவதைவிட இது நன்றாக மனதில் நிற்கும்.

45 வந்தவுடன் அடிக்கோடு போட்டு முடித்துவிடாதீர்கள். கேள்வியை இன்னொரு முறை படியுங்கள். எத்தனை துண்டுகள் என்றால் 10-ம் 7-ம் சேர்த்து 17. எத்தனை இடத்தில் வெட்ட வேண்டும் என்றால் 9-ம் 6-ம் சேர்த்து 15.

வீடு கட்டுகிறவர்களுக்கும் இது உதவும். அம்மாப்பேட்டையில் ஓர் அறை, 13 அடி 4 அங்குலத்துக்கு 10 அடி 8 அங்குலம். அங்குலத்தில் 160, 128. மீப்பெரு பொதுக் காரணி 32, ஆகவே 32 அங்குலச் சதுர டைல்ஸ் என்றால் 5 × 4 = 20 போதும், எதையும் வெட்ட வேண்டாம். கடையில் அந்த அளவு இல்லையா? 32-ஐ மீதியில்லாமல் வகுக்கிற எந்த அளவும் பொருந்தும். 16 அங்குலம் என்றால் 10 × 8 = 80. ஆனால் 12 அங்குல டைல்ஸ் வாங்கினால் ஓரத்தில் வெட்டாமல் முடியாது, ஏனென்றால் 12 இரண்டு பக்கத்தையும் மீதியில்லாமல் வகுக்காது. (இணைப்புக்கு விடுகிற இடைவெளியை இங்கே கணக்கில் எடுக்கவில்லை, பரீட்சையிலும் எடுக்க மாட்டார்கள்.)

ஏற்காட்டில் முக்கோணமாக ஒரு காபித் தோட்டம், பக்கங்கள் 84, 60, 108 மீட்டர். சுற்றிலும் சம இடைவெளியில் வேலிக்கல் நட வேண்டும், மூன்று மூலையிலும் கல் இருந்தாக வேண்டும், கல் குறைவாகச் செலவாக வேண்டும். மூன்று எண் என்றால் பயப்பட வேண்டாம், முதலில் 84-க்கும் 60-க்கும் பாருங்கள், 12. அந்த 12-க்கும் 108-க்கும் பாருங்கள், அதுவும் 12. மொத்தச் சுற்றளவு 252, 12-ஆல் வகுத்தால் 21 கற்கள். சுற்றி வந்து தொடங்கிய கல்லிலேயே முடிவதால் இங்கே ஒன்று கூட்டக் கூடாது. 84 மீட்டர் பக்கத்தில் மட்டும், இரண்டு முனையிலும் கல் வைத்து நடுவதானால் 7 இல்லை, 8.

சரி, எப்போது மீச்சிறு பொது மடங்கு, அதாவது கொடுத்த எண்கள் எல்லாம் மீதியில்லாமல் வகுக்கிற எண்களிலேயே மிகச் சிறியது? ஏற்காட்டுக்கு 40 நிமிடத்துக்கு ஒரு பேருந்து, வேறொரு ஊருக்கு 60 நிமிடத்துக்கு ஒன்று, காலை 6 மணிக்குச் சேர்ந்து கிளம்பின, மறுபடி எப்போது சேர்ந்து கிளம்பும் என்று கேட்டால் அது முன்னோக்கிப் போகிற கணக்கு. விடை கொடுத்த எண்கள் எதையும்விடச் சிறிதாக வராது, இங்கே 120 நிமிடம், அதாவது 8 மணி. வெட்டுவது, பிரிப்பது, அடுக்குவது என்றால் விடை கொடுத்த எண்களைத் தாண்டாது.

கடைசியாக, மிச்சம் வருகிற கணக்கு. இரண்டு வகை மாம்பழம், 437 சேலம் குண்டு, 323 மல்கோவா. இரண்டையும் கலக்காமல் எல்லாப் பெட்டியிலும் ஒரே எண்ணிக்கையில் அடுக்கியபோது குண்டில் 5, மல்கோவாவில் 3 மிஞ்சின. பெட்டிக்கு அதிகபட்சம் எத்தனை? மிஞ்சியதை முதலிலேயே எடுத்து ஓரமாக வையுங்கள். 432, 320. மீப்பெரு பொதுக் காரணி 16, பெட்டிகள் 27-ம் 20-ம் சேர்த்து 47. பெட்டிக்கு 8 என்றாலும் சரியாக வரும். 4 என்றால் வராது, மிஞ்சிய 5 குண்டிலிருந்தே இன்னொரு பெட்டி நிரம்பிவிடும்.