வீதி விபத்தில் ஒருவர் இறந்தால்: வன்னிக் குடும்பங்கள் நட்டஈடு கோரும் வழி

ஏ9 வீதியிலோ பரந்தன்–முல்லைத்தீவு வீதியிலோ ஒருவர் அடிபட்டு இறந்தால், நீதவான் நீதிமன்றத்தில் பொலிஸார் போடும் வழக்கே நட்டஈட்டையும் வாங்கித் தரும் என்று பல குடும்பங்கள் காத்திருக்கின்றன. அது சாரதியைத் தண்டிப்பதற்கான வழக்கு. நீதவான் ஒரு தொகையைக் கொடுக்கச் சொல்லலாம். ஆனால் குடும்பம் இழந்த உழைப்பு முழுவதும் அங்கே கணக்குப் பார்க்கப்படுவதில்லை. அதற்கு மாவட்ட நீதிமன்றத்தில் தனி வழக்குத் தொடர வேண்டும், அதுவும் இரண்டு ஆண்டுகளுக்குள். நீதவான் வழக்கு இழுபட்டாலும் இந்தக் காலக்கெடு நிற்காது. வன்னியில் நியாயமான கோரிக்கைகள் பல இதனால்தான் வீணாகின்றன.

முதல் நாட்களில் வாகன இலக்கத்தையும், முன்கண்ணாடியில் உள்ள காப்புறுதிப் பத்திரத்தில் இருக்கும் நிறுவனத்தின் பெயரையும் குறித்துக்கொள்ளுங்கள். முடிந்தால் பிரேக் தடம், வாகனங்கள் நின்ற இடம், வெளிச்சமில்லாத உழவு இயந்திரப் பெட்டி என்பவற்றைப் படம் எடுங்கள். இறந்தவரிலும் பிழை உண்டு என்று எதிர்த்தரப்பு காட்டினால், அந்த அளவுக்கு நட்டஈடு குறையும். பொலிஸில் வாக்குமூலத்தைத் தமிழில் எழுதச் சொல்லுங்கள். வாசிக்கத் தெரியாத மொழியில் இருப்பதில் கையொப்பம் இட வேண்டாம்.

செத்தவீட்டுக்கோ எட்டுச்செலவுக்கோ வாகனக்காரர் பணத்தோடு வருவார். செலவுக்கு வாங்குவதில் தவறில்லை. “இனி எந்த உரிமையும் கோரமாட்டோம்” என்று எழுதிய கடிதத்தில் கையொப்பம் இடுவதுதான் ஆபத்து. பற்றுச்சீட்டில் “இறுதிச் சடங்குச் செலவுக்காக மட்டும்” என்று எழுதிக் கொடுங்கள். காப்புறுதி நிறுவனம் நீட்டும் இறுதித் தீர்வுப் பத்திரத்தையும் சட்டத்தரணி பார்க்காமல் ஒப்பமிடாதீர்கள்.

சேர்க்க வேண்டியவை: இறப்புச் சான்றிதழ், உடற்கூற்றுப் பரிசோதனை அறிக்கை, திடீர் மரண விசாரணைப் பதிவு, பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, நீதவான் வழக்கேட்டின் உறுதிப்படுத்தப்பட்ட பிரதி, இறுதிச் சடங்குச் செலவுப் பற்றுச்சீட்டுகள். வாகனம் பதிவில் ஒருவர் பெயரிலும் கையில் இன்னொருவரிடமும் இருப்பது இங்கே வழக்கம். ஆகவே மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்தில் பதிவு உரிமையாளரை உறுதிசெய்து, சாரதியோடு அவரையும் எதிராளியாக்குவது பற்றிச் சட்டத்தரணியிடம் கேளுங்கள்.

வருமானத்தை நிரூபிப்பதில்தான் வன்னிக் குடும்பங்கள் அதிகம் தடுமாறுகின்றன. இறந்தவர் மாதம் எவ்வளவு உழைத்தார், அதில் தனக்குப் போக வீட்டுக்கு எவ்வளவு கொடுத்தார், இன்னும் எத்தனை ஆண்டுகள் உழைத்திருப்பார் என்பதை வைத்தே தொகை கணக்கிடப்படும். மேசன், விவசாயி, மீனவர் எவரிடமும் சம்பளப் பத்திரம் இராது. கமநல சேவை நிலையத்தின் வயல் பதிவு, நெல் விற்ற சீட்டு, கடற்றொழிலாளர் சங்கக் கடிதம், பால் சேகரிப்புப் புத்தகம், வங்கிப் புத்தகம், வேலை கொடுத்தவரின் சாட்சியம் இவற்றைத் தேடுங்கள். கிராம அலுவலரின் வருமானச் சான்றிதழ் மட்டும் இருந்தால் குறுக்கு விசாரணையில் அது எளிதில் ஆட்டங்காணும்.

போர்க்காலத்தில் திருமணத்தைப் பதியாதவர்களும், இடப்பெயர்வில் பத்திரங்களைத் தொலைத்தவர்களும் மனந்தளர வேண்டாம். பதிவு இருந்தால் பிரதேச செயலகத்தில் பிரதி எடுக்கலாம். பதிவே இல்லையென்றால், தந்தையின் பெயருள்ள பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்கள், குடும்ப அட்டை, கோயில் கடிதம், ஊரவர் சாட்சியம் என்பவை கணவன் மனைவியாக வாழ்ந்ததைக் காட்டும். 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், உழைப்பு இழப்புக்கு அப்பால் அன்பும் துணையும் இழந்ததற்கும் நட்டஈடு கோரலாம். உழைக்காத சிறுபிள்ளையைப் பறிகொடுத்த பெற்றோருக்கு இது மிக முக்கியம்.

வழக்குப் போடுமுன், அல்லது போட்டு ஏழு நாளுக்குள், காப்புறுதி நிறுவனத்துக்கு எழுத்தில் அறிவித்தல் கொடுக்க வேண்டும். பதிவுத் தபாலில் அனுப்பிச் சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். இது தவறினால், வழக்கில் வென்றாலும் காப்புறுதி நிறுவனத்திடமிருந்து பணம் வராது. சாரதியிடம் சொத்து இல்லையென்றால் தீர்ப்பு கடதாசியோடு நின்றுவிடும்.

மோதிய வாகனம் தப்பி ஓடி அடையாளம் தெரியாவிட்டால், அதை உறுதிப்படுத்தும் பொலிஸ் அறிக்கையோடு வீதிப் பாதுகாப்புக்கான தேசிய சபைக்கு விண்ணப்பிக்கலாம். வேலை நேரத்தில் நேர்ந்த மரணமென்றால் தொழிலாளர் நட்டஈட்டு ஆணையாளரிடம் முறையிடும் வழி தனியாக உண்டு.

சட்டத்தரணிக்குக் கொடுக்கக் காசில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்துக்குப் போகலாம். வருமானம் குறைந்தவர்களுக்கு அங்கே இலவசமாக வழக்கு நடத்துவார்கள். உறுதிப்படுத்தப்பட்ட பிரதிகள் கிடைக்கவே மாதக்கணக்கில் ஆகும் என்பதால், முதல் ஆண்டு முடியுமுன்பே போய்விடுங்கள்.