உலுரு விருந்துக்குத் தேய்பிறை நாளைப் பதிவு செய்யுங்கள்

ஆஸ்திரேலியாவின் உலுரு என்ற பெரும்பாறை அருகே, பாலைவனத்தில் சாப்பாடு போட்டு நட்சத்திரமும் காட்டும் 'சவுண்ட்ஸ் ஆஃப் சைலன்ஸ்' இரவு விருந்துக்குப் போவதாக இருந்தால், விமான டிக்கெட் போடும் முன் நம் தினசரி காலண்டரில் திதியைப் பாருங்கள். தேய்பிறை பஞ்சமி முதல் வளர்பிறை திரிதியை வரை எந்த நாளும் நல்லது.

அங்கே சூரியன் மறைவதைப் பார்த்து, சாப்பிட்டு முடித்த பிறகுதான் விளக்கை அணைத்துவிட்டு வானத்தை விளக்குவார்கள். பௌர்ணமிக்குப் பிறகு நிலா தினமும் சுமார் 50 நிமிடம் தாமதமாக உதிக்கும். பஞ்சமிக்குள் அது வருவதற்கே ஒன்பதரை, பத்து மணி ஆகிவிடும்; அதுவரை வானம் இருட்டாக இருக்கும். அதனால் அமாவாசைக்கு முந்தின வாரயிறுதி மட்டும்தான் சரி என்று நினைத்து எல்லோரோடும் முட்டி மோத வேண்டாம். பௌர்ணமியன்று போனால் அதே கட்டணம்தான், ஆனால் பால்வீதி வெளிறிப்போயிருக்கும். ஜூன் முதல் ஆகஸ்ட் வரை அதன் நடுப்பகுதி மாலையிலேயே மேலே ஏறிவிடும், அவ்வளவு அழகு! குளிர் கடுமையாக இருக்கும், ஸ்வெட்டர் அவசியம்.

நிலாவின் பள்ளங்களைத் தொலைநோக்கியில் பார்க்கத்தான் ஆசை என்றால் இந்தக் கணக்கு வேண்டாம், வளர்பிறை அஷ்டமியை ஒட்டிப் போங்கள். மேகம் மூடினால் எந்தத் திதியும் உதவாது.